இருபத்தோராம் கிழமை

குஞ்சித்தம்பியின் சட்டைப்பையில் இருந்த கடிதம் ஆங்கிலத்தில் எழுதப்பட்டிருந்தது. அதில் ஓர் எழுத்தும் அவனுக்கு வாசிக்கத் தெரியாது. ஆனாலும் அதில் என்ன இருக்கிறதென்று அவனுக்கு நன்றாகத் தெரியும். எழுதித் தரும்படி கெஞ்சியவனே அவன்தான்.

முதல்நாள் மத்தியானம், கிளிவெட்டியில் கர்ப்பிணிகளின் கிளினிக் முடிந்து எல்லாரும் போனபிறகு, மருத்துவிச்சி அன்னப்பிள்ளையின் மேசைக்கு முன்னால் போய் நின்றான்.

"மிஸ்ஸி, நீங்கள் எல்லாத்தையும் எழுதித் தாங்கோ. நான் டொக்டரிட்டக் குடுக்கிறன். மலருக்குத் தெரிய வேண்டாம்."

அன்னப்பிள்ளை பேனையை மூடாமலே அவனைப் பார்த்தார். "ரெண்டு வருஷமாத் தெரியாமல் வைச்சிருக்கிறாய், தம்பி. நானும் உன்ர சொல்லைக் கேட்டு வாயை மூடிக்கொண்டிருக்கிறன். நாளைக்கு ஸ்கான் பாக்கிற டொக்டர் முதல் பிள்ளைக்கு என்ன நடந்ததெண்டு கட்டாயம் கேப்பா. பிள்ளையின்ர கழுத்தில கொடி சுத்தினதெண்டு இவள் சொன்னால், டொக்டர் எதைத் தேடிப் பாக்கிறது?"

"அதுக்குத்தான் கடிதம் கேக்கிறன்."

"கடிதம் டொக்டருக்கு. பெண்சாதிக்கு ஆர் சொல்லுறது?"

"லோஞ்சில போகேக்க நான் சொல்லுறன், மிஸ்ஸி."

அவர் எழுதி, உறையில் போட்டு ஒட்டி, அவன் கையில் கொடுத்தார். "நீ சொல்லமாட்டாய். எனக்கு உன்னைத் தெரியும்" என்றும் சொன்னார்.

இரண்டு வருடங்களுக்கு முன்பு, ராசமலருக்கு எட்டாம் மாதம் நடந்துகொண்டிருந்தபோது திடீரென்று வலி கண்டது. மூதூர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். பிள்ளை உயிரில்லாமல் பிறந்தது. இரத்தம் நிறையப் போனதால் அவள் நினைவு தப்பிக் கிடந்தாள். ஒரு தாதி வெள்ளைத் துவாயில் எதையோ சுற்றிக் கொண்டுவந்து குஞ்சித்தம்பியின் கையில் கொடுத்து, "பாக்கிறதெண்டால் பாருங்கோ. பாக்காமல் விட்டாலும் பிழையில்லை" என்றாள். அவன் பார்த்தான். பெண்பிள்ளை. புருவம் வரைக்கும் எல்லாம் இருந்தது. புருவத்துக்கு மேலே தலை இல்லை.

அங்கிருந்த டொக்டர் அவனைத் தனியே கூப்பிட்டுச் சொன்னார். கரு உண்டாகி ஒரு மாதத்துக்குள்ளேயே மண்டை மூடிக்கொள்ள வேண்டுமாம். சில பிள்ளைகளுக்கு அது மூடாமலே போய்விடுமாம். யாருடைய பிழையுமில்லை. அடுத்த முறை முன்கூட்டியே குளிசை போட வேண்டும், ஸ்கான் பார்க்க வேண்டும். அவன் எல்லாவற்றுக்கும் தலையாட்டினான். துவாயை மடியில் வைத்துக்கொண்டு உழவு இயந்திரப் பெட்டியில் ஊருக்கு வந்தான். அன்று பின்னேரமே அடக்கம் செய்துவிட்டு ஆஸ்பத்திரிக்குத் திரும்பினான். ராசமலர் கண் விழித்து, "பிள்ளை?" என்று கேட்டபோது வாயில் வந்ததைச் சொன்னான்.

"கொடி சுத்திப்போச்சு, மலர்."

அந்த முகத்தை அவள் மனசில் வைத்துக்கொண்டு வாழ வேண்டாம், அது தன்னோடு போகட்டும் என்று நினைத்தான். செய்தது நல்ல காரியம் என்றே இத்தனை நாளும் நம்பிக்கொண்டிருந்தான்.

ஸ்கானுக்குப் புறப்பட்ட அன்று தொண்ணூற்றெட்டாம் ஆண்டு, ஆடி மாதம் பிறக்கச் சில நாட்கள் இருந்தன. கச்சான் காற்று அனல்போல வீசிக்கொண்டிருந்தது. மூதூர் ஜெட்டியிலிருந்து நகரத்துக்குப் போகும் லோஞ்ச் புறப்பட்டபோது கொட்டியாரக் குடாவில் அலை கொஞ்சம் கூடுதலாகத்தான் இருந்தது. ராசமலர் நடுப்பலகையில் உட்கார்ந்து, மடியில் தண்ணீர்ப் போத்தலை வைத்து, மருந்து குடிப்பவள்போல ஒவ்வொரு மிடறாகக் குடித்துக்கொண்டு வந்தாள். பதின்மூன்று கிழமைக் கருவை வயிற்றின்மேல் கருவி வைத்துப் பார்ப்பதென்றால் சலப்பை நிறைந்திருக்க வேண்டும், தண்ணீர் குடித்துவிட்டு அடக்கிக்கொண்டு போ என்று அன்னப்பிள்ளை சொல்லி அனுப்பியிருந்தார்.

"மலர்" என்றான் குஞ்சித்தம்பி.

"ம்?"

"ஒண்டு சொல்ல வேணும்."

"பகிடி எண்டால் இப்ப வேண்டாம்" என்றாள் அவள். "சிரிச்சனெண்டால் இஞ்சயே போயிடும். ஒரு போத்தல் குடிச்சு முடிச்சிட்டன். கடற்படைக்காரன் சோதிக்கிறதுக்கு முன்னம் நான் வெடிச்சுப்போவன் போல கிடக்கு."

சொல்லிவிட்டு அவளே சிரித்தாள். சிரிப்பை அடக்கிக் கால்களை ஒடுக்கிக்கொண்டாள். மூன்று மாதத்து மயக்கமும் வாந்தியும் தெளிந்து அவள் முகத்தில் வெளிச்சம் வந்து ஒரு கிழமைதான் ஆகியிருந்தது. அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டு அவனால் அதைச் சொல்ல ஏலவில்லை. "முழுக்கக் குடி" என்று மட்டும் சொன்னான். கரையில் இறங்கி நடக்கும்போது சொல்லலாம் என்று தன்னையே சமாதானப்படுத்திக்கொண்டான்.

கரையில் இறங்கியபோது நடக்க விடவில்லை. ஆண்களுக்கு ஒரு வரிசை, பெண்களுக்கு ஒரு வரிசை. குஞ்சித்தம்பியின் பயண அனுமதிப் பாஸையும் அடையாள அட்டையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்த சிப்பாய் நிமிர்ந்தான். அட்டையின் இலக்கத்தில் ஏழு இருந்த இடத்தில் பாஸில் ஒன்று இருந்தது. எழுதிக் கொடுத்தவனின் கைப்பிழை. ஆனால் பிழையென்றால் பிழைதான். தகரக் கொட்டிலைக் காட்டி, அங்கே போய் உட்காரச் சொன்னான். மூதூருக்குச் செய்தி அனுப்பி விசாரித்த பிறகுதான் விடுவார்களாம்.

ராசமலர் கம்பி வேலிக்கு அந்தப் பக்கம் வந்து நின்றாள். "இப்ப என்னப்பா செய்யிறது? பத்தரைக்கு அங்க நிக்கச் சொன்னவை."

"நீ போ. தபால் கந்தோருக்குப் பக்கத்து ஒழுங்கை. டொக்டர் நஜ்முன் நிஸா எண்டு கேட்டால் ஆரும் காட்டுவினம்."

"நீங்கள் இல்லாமலோ?"

"போ மலர். அடக்கிக்கொண்டு எவ்வளவு நேரம் நிப்பாய்?"

பிறகு அவன் சட்டைப்பைக்குள் கையை விட்டான். உறையை எடுத்து வேலிக் கம்பிக்குள்ளால் நீட்டினான். "இதை டொக்டரிட்டக் குடு. அன்னப்பிள்ளை மிஸ்ஸி தந்தவ."

அவள் உறையைத் திருப்பிப் பார்த்தாள். அவன் முகத்தையும் ஒருமுறை பார்த்தாள். கைப்பைக்குள் வைத்துக்கொண்டு, ஒரு கையால் அடிவயிற்றைப் பிடித்தபடி விறுவிறென்று நடந்தாள்.

தகரக் கொட்டிலில் வாங்கு ஒன்று கிடந்தது. அதில் உட்கார்ந்த குஞ்சித்தம்பிக்கு, தன்னை ஏன் மறித்து வைத்திருக்கிறார்கள் என்பதே மறந்துபோனது. பத்தரை மணிக்கு அவன் மனசு அந்த ஒழுங்கைக்குப் போய்விட்டது. இப்போது உறையைக் கிழிப்பார்கள். இப்போது வாசிப்பார்கள். "முதல் பிள்ளைக்கு மண்டை ஓடு இருக்கேல்லையாமே?" என்று டொக்டர் சாதாரணமாகக் கேட்பார். மலர் அந்தக் கட்டிலில் தனியாகப் படுத்திருப்பாள். பிடித்துக்கொள்ள ஒரு கையும் இருக்காது. லோஞ்சில் முக்கால் மணித்தியாலம் பக்கத்தில் இருந்தும் சொல்லாத ஒன்றை, முன்பின் தெரியாத ஒருவர் வாயால் அவள் கேட்கப்போகிறாள். மனிதனா நீ என்று அவன் தன்னைத்தானே கேட்டுக்கொண்டான்.

காவலுக்கு நின்ற நடுத்தர வயதுப் பொலிஸ்காரர் ஒருவர் பிளேன்ரீயோடு வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். சிங்களவர். தமிழைத் துண்டு துண்டாகப் பேசினார். "நோனா... பிள்ளை இருக்கா?" என்று ராசமலர் போன பக்கத்தைக் காட்டிக் கேட்டார்.

"ஓம் சேர். மூண்டு மாசம்."

"அதான் ஆஸ்பத்திரி?"

"ஓம்."

"பயம் வேணாம்" என்றார் அவர். கோப்பையின் மூடியில் பாதித் தேநீரை ஊற்றி அவன் பக்கம் தள்ளிவைத்தார். குஞ்சித்தம்பி அதைக் கையில் எடுத்தான். ஆறும்வரை குடிக்காமல் வைத்திருந்தான்.

இரண்டரை மணிக்கு மூதூரிலிருந்து பதில் வந்தது. அட்டையைத் திருப்பிக் கொடுத்தார்கள். நகரத்துக்குள் போக நேரமில்லை, மூன்றரை லோஞ்ச்தான் கடைசி. அவன் வேலியோரமாகவே நின்றான். மூன்று மணிக்கு ராசமலர் வந்தாள். சேலைத் தலைப்பால் தலையை மூடியிருந்தாள். அவனைக் கடந்து நேரே பெண்கள் வரிசையில் போய் நின்றாள்.

லோஞ்சில் அவன் பக்கத்தில்தான் உட்கார்ந்தாள். ஆனால் கடலைப் பார்த்தபடி இருந்தாள். நங்கூரமிட்டு நின்ற கப்பல்களும், பீரங்கிப் படகுகளும், குடாவின் வாயும் கடந்துபோயின. மூதூர்க் கரை தெரியத் தொடங்கியபோதுதான் வாய் திறந்தாள்.

"தலை இருக்காம்."

அவ்வளவுதான் சொன்னாள். குஞ்சித்தம்பி குனிந்து இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டான். அவள் அவனைத் தொடவில்லை.

மூன்று நாட்கள் வீட்டில் பேச்சில்லை. சாப்பாடு போட்டாள், தேநீர் வைத்தாள், கேட்டதற்கு ஓம், இல்லை என்றாள். சிறிய கறுப்பு வெள்ளைப் படம் ஒன்று குசினி அலுமாரியின் கண்ணாடியில் செருகியிருந்தது. அவன் அதை எடுத்துப் பார்க்கத் துணியவில்லை. தூரத்திலிருந்து பார்த்தால் மழை பெய்யும் இருட்டுக்குள் அவரைவிதை ஒன்று கிடப்பதுபோல இருந்தது.

நாலாம் நாள் காலை அவன் கிணற்றடியில் தோய்த்த உடுப்புகளைக் கொடியில் விரித்துக்கொண்டிருந்தான். அவள் கர்ப்பமானது தெரிந்த நாளிலிருந்து அது அவனுடைய வேலையாகியிருந்தது. அதற்கு முன்பும், இரண்டு வருடமாக, ராசமலர் கொடியில் துணி போடுவதில்லை. வேலியின்மேல்தான் விரிப்பாள். ஏனென்று அவன் கேட்டதுமில்லை.

ராசமலர் வந்து அவன் கையிலிருந்த ஈரச்சேலையைப் பறித்தாள். இரண்டு கையையும் தலைக்கு மேலே உயர்த்தி, எட்டிக் கொடியில் எறிந்தாள். ஒரு சேலை, இன்னொரு சேலை, அவனுடைய சாரம். எறிய எறிய அழுதாள்.

"ஏன் நான் கொடியில உடுப்புப் போடுறேல்லை எண்டு தெரியுமோ உங்களுக்கு? கையைத் தூக்கித் தூக்கி வேலை செய்தால் வயித்துக்குள்ள பிள்ளைக்குக் கொடி சுத்தும் எண்டு சனம் சொல்லுறது. முதல் பிள்ளை வயித்தில இருக்கேக்க நான் ஒவ்வொரு நாளும் இந்தக் கொடியில உடுப்புப் போட்டனான். ரெண்டு வருஷமா, என்ர கையாலதான் என்ர பிள்ளை செத்ததெண்டு நினைச்சுக்கொண்டிருந்தனான். ரெண்டு வருஷம்!"

குஞ்சித்தம்பி வேலியைத் திரும்பிப் பார்த்தான். அவளுக்கு வலிக்கக்கூடாதென்று சொன்ன ஒரு சொல், இத்தனை காலமும் அவளை அறுத்துக்கொண்டிருந்திருக்கிறது. அவன் கண்ணெதிரிலேயே, ஒவ்வொரு நாளும் அந்த வேலியில்.

"எனக்குத் தெரியாது, மலர்" என்றான். "சத்தியமாத் தெரியாது. நீ அதைப் பாத்தால் தாங்கமாட்டாய் எண்டு நினைச்சிட்டன்."

"நான் சுமந்தனான். எட்டு மாசம் என்ர வயித்தில உதைச்சது. நான் தாங்கமாட்டனோ?"

அவன் கிணற்றுக்கட்டில் உட்கார்ந்தான். அவளும் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு, தள்ளி உட்கார்ந்தாள். மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

"அதுக்கு முகம் இருந்ததோ?"

"இருந்தது."

"சொல்லுங்கோ."

அவன் சொல்லத் தொடங்கினான்.   புருவத்துக்கு மேலே ஒன்றுமில்லாததைச் சொன்னான். ஒளிக்கவில்லை. கண்கள் மூடியிருந்ததைச் சொன்னான். மூக்குச் சின்னதாக, மேல்நோக்கி இருந்ததைச் சொன்னான். "வாய் உன்ர வாய். கீழுதட்டில நடுவில ஒரு பள்ளம் இருக்குமே உனக்கு, அது அப்பிடியே இருந்தது. கை ரெண்டும் பொத்தியிருந்தது. நான் விரிச்சுப் பாத்தனான். எல்லா விரலிலயும் நகம் இருந்தது. துவாய்க்குள்ள வைச்சு மடியில கொண்டுவந்தனான். உழவு இயந்திரம் குலுங்கேக்க தலைப்பக்கம் நோகுமெண்டு கையால தாங்கிப் பிடிச்சுக்கொண்டு வந்தனான். செத்த பிள்ளைக்கு நோகாது எண்டு தெரியும். எண்டாலும் பிடிச்சுக்கொண்டு வந்தனான்."

ராசமலர் நகர்ந்து வந்து அவன் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். இருவரும் வெகுநேரம் அழுதார்கள். பக்கத்து வளவுக்காரி எட்டிப் பார்த்துவிட்டு, ஏதோ கூடாத செய்தி வந்ததாக்கும் என்று நினைத்து ஓடிவந்து, பிறகு தானும் அழுதுவிட்டுப் போனாள்.

அன்று பின்னேரம் வாய்க்காலுக்கு அப்பால், பிள்ளையை அடக்கிய இடத்தை அவன் அவளுக்குக் காட்டினான். புல் வளர்ந்து மூடியிருந்தது. அவள் புல்லைப் பிடுங்கவில்லை. செருப்பைக் கழற்றிவிட்டு வெறுங்காலோடு கொஞ்ச நேரம் நின்றாள். திரும்பி வரும்போதுதான் ஸ்கானைப் பற்றி முழுவதும் சொன்னாள்.

"டொக்டர் நல்ல மனுசி. கடிதத்தை வாசிச்சிட்டு என்னைப் பாத்தா. எனக்குத் தெரியாதெண்டு அவவுக்கு உடன விளங்கிட்டுது. தாதியை வெளியில அனுப்பிப்போட்டு, என்ர கையைப் பிடிச்சுக்கொண்டுதான் சொன்னவ. இப்ப பாத்ததில தலையைச் சுத்தி வெள்ளை வளையம் மாதிரி எலும்பு தெரியுதாம். அது நல்லதாம். ஆனா பதின்மூண்டு கிழமையில மூளையும் முதுகெலும்பும் வடிவாப் பாக்க ஏலாதாம். சத்தியம் பண்ணிச் சொல்லமாட்டன் எண்டு சொன்னவ. இருபத்தோராம் கிழமை கட்டாயம் வரட்டாம்."

"அப்ப ஆவணி கடைசி, இல்லாட்டிப் புரட்டாதித் தொடக்கம்."

"ஓம்." சற்று நடந்தபின் கேட்டாள். "அப்பயும் ஏதும் குறை தெரிஞ்சால்?"

"தெரிஞ்சால் ரெண்டு பேரும் சேர்ந்து பாப்பம். இனி உனக்கு ஒளிச்சு நான் ஒண்டும் சுமக்கமாட்டன்."

அதன்பிறகு எட்டுக் கிழமை. காலையில் குளிசையும் தண்ணீரும் கொண்டுவந்து நீட்டுவது அவன் வேலை. விழுங்கும் வரைக்கும் முன்னால் நிற்பான். "விழுங்கிட்டன், வாயைத் திறந்து காட்டவோ?" என்று அவள் கேட்பாள். பதினெட்டாம் கிழமையில் ஒருநாள் அரிசி புடைத்துக்கொண்டிருந்தவள் சுளகைக் கீழே வைத்துவிட்டு அசையாமல் இருந்தாள். "இஞ்ச வாங்கோ, கெதியா!" அவன் ஓடிவந்து கையை வைத்துப் பார்த்தான். அவனுக்கு ஒன்றும் தெரியவில்லை. "உங்கட கை தடிச்ச கை" என்றாள் அவள். "மண்வெட்டி பிடிச்ச கைக்கு இது தெரியாது. உள்ளுக்குள்ள மீன்குஞ்சு துள்ளுற மாதிரி."

சிறுபோக நெல்வெட்டு முடிகிற நேரம் கடலில் ஏதோ சண்டை நடந்தது. லோஞ்சை நிறுத்திவிட்டார்கள். ஒரு கிழமை போனது, இரண்டு கிழமை போனது. இருபத்தோராம் கிழமை பிறந்தும் ஜெட்டி மூடித்தான் கிடந்தது. குஞ்சித்தம்பி நாள்தோறும் சைக்கிளில் மூதூர் போய்க் கேட்டுவிட்டு வந்தான்.

தோப்பூரில் நெல் வாங்குகிற தாஹிர் வெட்டு முடிந்த வயல்களைப் பார்க்க வந்தபோது, அவன் முகத்தைக் கண்டு விசாரித்தார். குஞ்சித்தம்பி ஒன்றும் ஒளிக்காமல் முழுவதையும் சொன்னான். அன்னப்பிள்ளைக்கும் ராசமலருக்கும் அப்பால் வேறொருவருக்கு அவன் அதைச் சொன்னது அதுதான் முதல் தடவை.

தாஹிர் தொப்பியைக் கழற்றித் தலையைத் தடவிக்கொண்டார். "கடல் இல்லாட்டித் தரை இரிக்குதானே தம்பி. கிண்ணியாப் பக்கத்தால சுத்திப் போவம். தூரம்தான். வழியில நாலஞ்சு இடத்தில பாதை ஏற வேணும். நான் வியாழக்கிழமை நெல்லு ஏத்திக்கொண்டு போறன். தங்கச்சியை முன்சீற்றில இருத்துவம், நீ மூட்டைக்கு மேல இரு."

'பாதை' என்று அவர் சொன்னது, ஆறும் களப்பும் குறுக்கிடும் இடங்களில் வாகனங்களை ஏற்றிக் கடத்தும் மிதவைத் தெப்பத்தை. வியாழக்கிழமை விடியும் வெள்ளாப்போடு புறப்பட்டார்கள். ஒவ்வொரு துறையிலும் வரிசை, ஒவ்வொரு துறைக்குப் பிறகும் சோதனை. பள்ளம் திட்டி வந்தால் தாஹிர் லொறியை மாட்டுவண்டியைவிட மெதுவாக விட்டார். "ஆஸ்பத்திரிக்கு இண்டைக்குப் போகவோ, நாளைக்கோ நானா?" என்று ராசமலர் கேட்டபோது, "பிள்ளைக்குக் குலுக்கம் கூடாது, நீங்க பேசாம இரிங்க" என்று அதட்டினார். மூட்டைகளின் மேலே வெயிலில் காய்ந்துகொண்டிருந்த குஞ்சித்தம்பிக்கு முன்சீற்றிலிருந்து சிரிப்புச் சத்தம் கேட்டது. அவனும் தனக்குள் சிரித்தான். இந்த முறை பாஸின் இலக்கங்களை அவன் ஒவ்வொன்றாக விரல் வைத்துச் சரிபார்த்திருந்தான்.

நகருக்கு வந்து சேர்ந்தபோது மத்தியானம் திரும்பியிருந்தது. டொக்டர் நஜ்முன் நிஸா வீட்டுக்குப் புறப்படக் கைப்பையை எடுத்துக்கொண்டு வாசலில் நின்றார். ஐம்பது வயதிருக்கும். முக்காட்டுக்குள் மூக்குக் கண்ணாடி. ராசமலரைக் கண்டதும் கைப்பையை மீண்டும் மேசையில் வைத்தார்.

"கிளிவெட்டித் தங்கச்சி! போன கிழமை முழுக்க உங்களைத்தான் பாத்துக்கொண்டிருந்தனான். லோஞ்ச் இல்லையே, எப்பிடி வந்தீங்க?"

"நெல்லு லொறியில, டொக்டர்."

"யா அல்லாஹ்" என்று சொல்லிக்கொண்டே கதிரையை இழுத்துப் போட்டார். "இவர்தான் அவரோ? வாங்க தம்பி, நீங்களும் உள்ளுக்கு வாங்க. வாசலில நிக்காம."

சின்ன அறை. சன்னலுக்குத் தடித்த சீலை. ராசமலர் கட்டிலில் படுத்தாள். டொக்டர் அவள் வயிற்றில் குளிர்ந்த பசையைப் பூசி, கையிலிருந்த கருவியை வைத்து அழுத்தினார். பெட்டியின் கண்ணாடியில் சாம்பல் நிறத்தில் ஏதோ குழம்பியது, விலகியது, மறுபடி குழம்பியது. குஞ்சித்தம்பி கட்டிலின் தலைமாட்டில் நின்று ராசமலரின் கையைப் பிடித்திருந்தான். யாருடைய கை வியர்க்கிறதென்று தெரியவில்லை.

"இது இருதயம். பாருங்க, அடிக்குது."

ஒரு சின்னப் பொட்டு திறந்து மூடிக்கொண்டிருந்தது. அவ்வளவு வேகமாக.

"இனித் தலையைப் பாப்பம்" என்று டொக்டர் கருவியை நகர்த்தினார்.

மின்சாரம் நின்றது.

அறை இருண்டது. மின்விசிறி சுழன்று சுழன்று ஓய்ந்தது. வெளியே யாரோ ஜெனரேட்டருக்கு எண்ணெய் இல்லையென்று சொல்வது கேட்டது. டொக்டர் சீலையை விலக்கிச் சன்னலைத் திறந்தார். "பத்து நிமிசம். எண்ணெய் வாங்க ஆள் போகுது. எழும்ப வேண்டாம், அப்பிடியே இருங்க."

பத்து நிமிடம் அரை மணித்தியாலமானது. ராசமலர் கண்ணை மூடிக்கொண்டு படுத்திருந்தாள். குஞ்சித்தம்பி அவள் நெற்றியில் ஒட்டிய முடியை ஒதுக்கினான்.

"என்ன தெரிஞ்சாலும் சொல்லுங்கோ டொக்டர்" என்றாள் அவள் கண் திறக்காமலே. "அவருக்கு மட்டும் சொல்லாமல், ரெண்டு பேருக்கும் சொல்லுங்கோ."

"ரெண்டு பேருக்கும்தான் சொல்லுவன்" என்றார் டொக்டர். "இது உங்கட ரெண்டு பேரின்ர பிள்ளை."

குஞ்சித்தம்பிக்கு ஏதாவது பேச வேண்டும்போல இருந்தது. "இந்த முறை விளைச்சல் பரவாயில்லை, டொக்டர்" என்றான். சொன்னபிறகு வெட்கமாயிருந்தது. ஆனால் டொக்டர் சிரிக்கவில்லை. ஏக்கருக்கு எத்தனை மூட்டை, என்ன நெல், அறக்கொட்டியான் பூச்சி அடித்ததா என்று விடாமல் கேட்டார். அவனும் பதில் சொன்னான். ராசமலர் இடையில் ஒருமுறை, "அவர் சொல்லுறதை நம்பாதைங்கோ, பாதியைக் காட்டுப்பண்டி திண்டுட்டுது" என்றாள். அப்படியே நேரம் போனது.

வெளியே ஜெனரேட்டர் உறுமியது. பெட்டி வெளித்தது.

டொக்டர் இப்போது பேசவில்லை. கருவியை ஓரிடத்தில் நிறுத்தினார், சரித்தார், மறுபடி நிறுத்தினார். புள்ளியிட்டு அளந்தார். குஞ்சித்தம்பி கண்ணாடியைப் பார்க்காமல் டொக்டரின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். அந்த முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. 

"தம்பி, என்னைப் பாக்காதீங்க. அங்க பாருங்க."

பார்த்தான். ஒரு வெள்ளை வட்டம். முழு வட்டம். எங்கேயும் உடையவில்லை.

"இதுதான் மண்டை ஓடு. நல்லா மூடியிருக்கு. நடுவில இந்தக் கோடு தெரியுதே, மூளையின்ர ரெண்டு பக்கமும் சரி. இது பின்பக்கத்துச் சிறுமூளை. இனி முதுகைப் பாப்பம். கொஞ்சம் திரும்பினாத்தானே ஆள்..."

வயிற்றை ஒரு தட்டுத் தட்டினார். உள்ளே இருந்தது புரண்டது. நீளமாக, இலேசாக வளைந்து, வெள்ளை மணிகள் இரு பக்கமும் நெருக்கமாகக் கோத்ததுபோல ஒன்று தெரிந்தது.

"நெற்கதிர் மாதிரிக் கிடக்கு" என்றான் குஞ்சித்தம்பி தன்னையறியாமல்.

"ஓம், கதிர் மாதிரித்தான்" என்றார் டொக்டர். "ஒரு மணியும் பதர் இல்லை. முதல் பிள்ளைக்கு இருந்த குறை இந்தப் பிள்ளைக்கு இல்லை. மற்றபடியும் பாக்கக்கூடியதெல்லாம் நல்லா இருக்கு. ஸ்கானில எல்லாம் தெரியும் எண்டு நான் சொல்லமாட்டன். ஆனா இண்டைக்கு நீங்க நித்திரை கொள்ளலாம்."

ராசமலர் வாயைப் பொத்திக்கொண்டு விம்மினாள். வயிறு குலுங்கியதில் படம் கலைந்துபோனது. "அழுதால் என்ர படம் ஓடிடும், தங்கச்சி" என்றார் டொக்டர். அவருடைய குரலும் சரியாக இருக்கவில்லை. குஞ்சித்தம்பி கீழே குந்தி, ராசமலரின் வயிற்றோரமாக, பசை ஒட்டுவதையும் பார்க்காமல் கன்னத்தை வைத்தான். உள்ளிருந்து ஒரு சின்ன இடி அவன் கன்னத்தில் விழுந்தது.

"மலர்! இப்ப தெரியுது. எனக்குத் தெரியுது!"

வெளியே லொறிக்குள் சாய்ந்திருந்த தாஹிர் அவர்களுடைய முகங்களைப் பார்த்தார்.  "அல்ஹம்துலில்லாஹ்" என்று சொல்லி இயந்திரத்தை முடுக்கினார்.

தை மாதம் இரண்டாம் கிழமை, மூதூர் ஆஸ்பத்திரியில் விடியற்காலையில் பிள்ளை பிறந்தது. ஆண்பிள்ளை, ஆறே முக்கால் இறாத்தல். வீட்டுக்குக் கொண்டுபோகும் நாளில் மழை கொட்டியது. உழவு இயந்திரப் பெட்டிக்குள் வைக்கோல் பரப்பி, மேலே பொலித்தீன் விரிப்பைக் கட்டி, அதற்குள் மூன்று பேரும் ஒடுங்கியிருந்தார்கள். ஊருக்கு முன்னால் இருக்கும் காவலரணில் வண்டியை மறித்தார்கள். மழையங்கி போட்ட சிப்பாய் ஒருவன் விரிப்பின் ஒரு மூலையைத் தூக்கி உள்ளே டோர்ச் அடித்தான். அவன் தொப்பியிலிருந்து தண்ணீர் பொலபொலவென்று உள்ளே விழுந்தது. குஞ்சித்தம்பி அட்டையை எடுக்கச் சட்டைப்பைக்குள் கையை விட்டான்.

"மூடடா தம்பி! பிள்ளைக்குத் தண்ணி படுது!" என்று ராசமலர் சத்தம் போட்டாள்.

தமிழ் விளங்கியதோ இல்லையோ, சிப்பாய் விரிப்பைப் பட்டென்று விட்டான். ஒரு கணம் கழித்து ஓரத்தை மெதுவாக இழுத்து, காற்று நுழையாதபடி பெட்டியின் கொழுக்கியில் மாட்டினான். பிறகு பெட்டியில் இரண்டு தட்டுத் தட்டி, "போ, போ" என்றான்.

குஞ்சித்தம்பி பயத்தோடு அவளைப் பார்த்தான். "ஆமிக்காரனை அடா போட்டுக் கதைக்கிறாய்."

"அவனும் ஒரு தாய் பெத்த பிள்ளைதானே" என்றாள் ராசமலர். பிள்ளை ஒருமுறை தும்மியது. அவள் குனிந்து தலைத்துணியை இறுக்கி, அந்த உருண்டைத் தலையை உள்ளங்கையால் பொத்திக்கொண்டாள். குஞ்சித்தம்பியும் மழையில் நனைந்த கையை நீட்டினான். "கையை எடுங்கோ அங்கால. ஈரக்கையோட பிள்ளையைத் தொடாதைங்கோ."